ஒரு தட்டில் திறக்கும் படகு

மட்டக்களப்பு
7 ஜூலை 2024

அன்புள்ள ஜெனிற்றாவுக்கு,

இந்த மின்னஞ்சல் முகவரி இன்னும் பாவனையில் இருக்கிறதோ தெரியாது. இருந்தால் ஒரு சிறிய உதவி வேண்டும். கணினி சம்பந்தமானது. வேறு எதற்காகவும் எழுதவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

தங்கச்சி சுஜீவா தன் கந்தோரில் கழித்துவிட்ட கணினி ஒன்றை வீட்டுக்குக் கொண்டுவந்தாள். அதில் படகோட்டப் பந்தயம் போட்டிருக்கிறேன். நீங்கள் வேலை செய்த கொம்பியூட்டர்க் கடையில் மத்தியானங்களில் நாம் ஓடிய அதே விளையாட்டுத்தான், புதிய பதிப்பு. படகு தானாகவே முன்னால் போகும். நான் இடமும் வலமும் திருப்பினால் போதும். விரல்கள் இன்னும் அசைவதில்லை; ஆனால் தோளும் மணிக்கட்டும் வேலை செய்வதால் கணினியோடு பூட்டிய ஒரு சிறிய தடியை உள்ளங்கையால் தள்ளித் திருப்புகிறேன்.

ஓடுவதில் பிரச்சினை இல்லை. திறப்பதில்தான். மவுஸைப் பிடித்து அந்தச் சின்னப் படத்தின் மேல் கொண்டுபோய் இரண்டு தரம் சடக்கென்று தட்ட என்னால் இயலாது. அதற்கு அம்மா வர வேண்டும். குசினியிலிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வருவா.

"எங்க மனே, இந்த நீலமா?"

"இல்லம்மா, அதுக்குப் பக்கத்தில."

"இதா?"

"ஓம், அதுதான். ரெண்டு தரம் தட்டுங்க."

பாதியில் விளையாட்டு மூடுபட்டு, அம்மா சந்தைக்குப் போயிருந்தால், அவ வரும்வரை வெறும் திரையைப் பார்த்துக்கொண்டு இருப்பேன். மீசை வைத்த ஆம்பிளை, விளையாடுவதற்கு அம்மாவைக் கூப்பிடுகிறான்.

சுஜீவா வேலைக்குப் போக முன்னம் என் வலது உள்ளங்கையில் ஒரு தடித்த பேனாவைப் பட்டியால் கட்டிவிட்டுப் போவாள். அதால் ஒரு நேரத்தில் ஒரு விசையை அழுத்தலாம். இந்தக் கடிதமும் அப்படி எழுதியதுதான். ஒரே ஒரு விசையை அழுத்தினால் விளையாட்டு திறக்கும்படி செய்ய வழி இருக்கிறதா? இங்கே கேட்டால் ஆளனுப்புகிறோம் என்கிறார்கள். வீட்டுக்கு ஆள் வருவது எனக்கு விருப்பமில்லை.

நீங்கள் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

ஜெராட்


இங்கிலாந்து
10 ஜூலை 2024

ஜெராட்,

கடிதத்தைத் திறக்க முன்னம் பஸ்ஸில் இருந்து இறங்கிவிட்டேன். இறங்க வேண்டிய இடம் அது இல்லை.

இரண்டு வருஷமாக நான் எடுத்த ஒரு அழைப்புக்கும் பதில் இல்லை. மூன்று ஞாயிறு வாசிக்க வேண்டிய நமது கலியாண அறிவித்தல் கோயிலில் இரண்டு ஞாயிறு வாசித்தாயிற்று. மூன்றாவது ஞாயிறுக்கு முன்னம் திருவிழாவுக்கு பல்ப் கட்டுகிறேன் என்று மணிக்கூண்டில் ஏறி விழுந்தீர்கள். ஆஸ்பத்திரியில் உங்கள் கட்டிலுக்குப் பக்கத்தில் நான் நிற்க, முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு "இனி வராத" என்றீர்கள். அதற்குப் பிறகு உங்களிடமிருந்து வந்த முதல் சொல், மவுஸைத் தட்ட முடியவில்லை என்பது.

அதோடு என்னை "நீங்கள்" என்று வேறு எழுதியிருக்கிறீர்கள். கடைக்கு வயர் இழுக்க வந்த முதல் நாளே, "கொஞ்சம் தள்ளி நில்லு புள்ள, கரண்ட் அடிக்கும்" என்ற ஆள் நீங்கள்.

சரி. வழி இருக்கிறது. சுஜீவாவிடம் சொல்லுங்கள்.

விளையாட்டின் படத்தில் மவுஸின் வலது பொத்தானைத் தட்டினால் ஒரு பட்டியல் விழும். அதில் டெஸ்க்ரொப்பில் ஷோர்ட்கட் போடும் வரியைத் தெரிவுசெய்யட்டும். முதல் திரையில் புதிதாக ஒரு படம் வரும். அதில் திரும்பவும் வலது பொத்தான். பட்டியலின் கடைசியில் புரொப்பர்ட்டீஸ் என்று இருக்கும். அதைத் திறந்தால் ஷோர்ட்கட் கீ என்று ஒரு கட்டம். அந்தக் கட்டத்துக்குள் போய் எஃப் 9 விசையை அழுத்தி, ஓகே கொடுக்கட்டும். எழுத்து விசை வைத்தால் மூன்று விசையை ஒன்றாக அழுத்த வேண்டி வரும். மேல் வரிசையில் உள்ள எஃப் விசைகளுக்கு அது தேவையில்லை. ஒரு தட்டுப் போதும்.

நான் இங்கே ஒரு முதியோர் பராமரிப்பு இல்லத்தில் வேலை செய்கிறேன். நலம்.

ஜெனிற்றா


மட்டக்களப்பு
24 ஜூலை 2024

ஜெனி,

சரி. நீ.

உன் கடிதத்தை சுஜீவா வாசிக்காமல் இருக்க வேண்டும் என்பதற்காக, வழிமுறையை மட்டும் திரும்ப என் பேனாவால் தட்டி எழுதிக் கொடுத்தேன். அதற்கு ஒரு பின்னேரம் முழுக்கப் போயிற்று. அவள் செய்துவிட்டு, "அண்ணா, இத ஆரு சொல்லித் தந்த?" என்று கேட்டாள். இன்ரநெற்றில் பார்த்தேன் என்றேன். நம்பவில்லை.

அடுத்த நாள் காலையில், எல்லாரும் அவரவர் வேலையில் இருக்க, எஃப் 9ஐ அழுத்தினேன். திரை இருண்டு, ஆறு வந்தது. அந்தப் பாட்டுச் சத்தம் கேட்டு அம்மா அகப்பையோடு ஓடிவந்தா.

"ஆரு மனே திறந்த?"

"நான்தான்."

"நீயா?"

"ஓம் அம்மா. நீங்க போய்ச் சமைங்க."

அம்மா கொஞ்ச நேரம் வாசற்படியில் நின்றா. பிறகு குசினிக்குப் போய் றேடியோவைப் பெலக்கக் கூட்டி வைத்தா. அழுகிற சத்தம் எனக்குக் கேட்கக்கூடாது என்றால் அவ செய்கிற வேலை அது.

ஒரு கிழமை நன்றாக ஓடினேன். இப்போது வேலை செய்யவில்லை. எஃப் 9ஐ அழுத்தினால் ஒன்றும் நடப்பதில்லை. சுஜீவா ஒன்றையும் தொடவில்லையாம்; திரை அலங்கோலமாகக் கிடக்கிறதென்று எல்லாப் படத்தையும் அள்ளி "அண்ணாட சாமான்" என்று ஒரு பெட்டிக்குள் போட்டாளாம், அவ்வளவுதானாம்.

இன்னொன்று. பேனா சறுக்கிப் பக்கத்து விசையில் படுகிறது. அதற்கும் ஏதாவது வழி இருந்தால் சொல்.

முதியோர் இல்லத்தில் என்ன வேலை?

ஜெராட்


இங்கிலாந்து
28 ஜூலை 2024

ஜெராட்,

அந்தப் பெட்டிதான் காரணம். ஷோர்ட்கட் டெஸ்க்ரொப்பிலேயே வெளியே இருந்தால்தான் விசை வேலை செய்யும். ஒரு கோப்புறைக்குள் போட்டால் கணினி அதைத் தேடிப் போகாது. வெளியே இழுத்து வைத்து, விசையைத் திரும்பக் கொடுக்கச் சொல்லுங்கள்.

என்ன வேலை என்று கேட்டீர்கள். தூக்குகிறேன். குளிப்பாட்டுகிறேன். சாப்பாடு தீத்துகிறேன். வால்ற்றர் என்று ஒருவர் இருக்கிறார். பஸ் ஓட்டினவர், பக்கவாதம் வந்து ஒரு முழங்கை மட்டும்தான் அவர் சொல்லுக் கேட்கும். அவருடைய ரீவியில் ஒரு கேம் கொன்சோல் பூட்டியிருக்கிறது. அதன் முகப்பில் அவருக்குப் பிடித்த பந்துருட்டும் விளையாட்டை முதல் இடத்தில் பின் பண்ணி வைத்திருக்கிறோம். வேறெதையும் தேடிப் போகத் தேவையில்லை. தேநீர்க் கோப்பைச் சோசர் அளவுப் பெரிய பொத்தான் ஒன்று உண்டு. முழங்கையால் ஒரு இடி. விளையாட்டு திறந்துவிடும்.

நான் செய்வது அந்தப் பொத்தானை அவருடைய முழங்கைக்குக் கீழே நகர்த்தி வைப்பது மட்டும். வைத்துவிட்டு நகர்ந்தால் "தாங்க் யூ, ஜெனி" என்பார். ஒவ்வொரு நாளும் சொல்வார். முன்பின் தெரியாத மனிதர் இவ்வளவு இலேசாக எனக்குத் தருகிற இடத்தை...

விடுங்கள்.

பேனா சறுக்குவதற்கு அப்படியான பொத்தான்தான் சரி. வயரைக் கணினியில் செருகினால் போதும். எஃப் 9 ஆகவே அமைத்து அனுப்புகிறேன். என்னோடு வேலை செய்கிற பர்ஸானா காத்தான்குடிப் பிள்ளை. அடுத்த மாதம் லீவில் வருகிறா. அவவிடம் கொடுத்துவிடுகிறேன்.

ஜெனிற்றா


மட்டக்களப்பு
25 ஓகஸ்ட் 2024

ஜெனி,

உன் கூட்டாளி வந்துபோனா.

முன்கூட்டிச் சொல்லாமல் தன் தம்பி றிஸானின் ஓட்டோவில் வந்து இறங்கினா. நான் விறாந்தையில் வெறும் மேலோடு, காலுக்குக் குறுக்கே துவாயைப் போட்டுக்கொண்டு இருந்தேன். உள்ளே தள்ளச் சொல்லி அம்மாவைக் கூப்பிட்டேன். அம்மா அதற்குள் கேற்றைத் திறந்துவிட்டா.

பர்ஸானா நல்ல பிள்ளை. அது எனக்கு இன்னும் கோபமாக இருக்கிறது. என்னைப் பார்த்து முகம் மாறவில்லை. கதிரையை இழுத்துப்போட்டு இருந்து, "ஒங்கட கேமக் காட்டுங்க, நானும் ஒருக்கா ஓடிப் பாக்கன்" என்றா. ஓடினா. மூன்று தரமும் கரையில் மோதி நின்றா. போகும்போது வாசலில் வைத்துச் சொன்னா: "ஜெனிற்றா மத்த எல்லாரப் பத்தியும் கதப்பா. ஒங்களப் பத்தி மட்டும் ஒரு நாளும் கதச்சல்ல. அதுலதான் எனக்கு விளங்கின."

நான் உன்னிடம் கேட்டது ஒரு விசை. நீ அனுப்பியது ஆஸ்பத்திரிச் சாமான் ஒன்றும், என்னைப் பார்த்துவந்து சொல்ல இரண்டு கண்ணும். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த நாளிலிருந்து நான் இந்தக் கேற்றைத் தாண்டவில்லை. ஆட்கள் என்னைப் பார்த்து "ஐயோ" என்று வாய்க்குள் சொல்வது எனக்குக் காதில் கேட்கும். உன் முகத்திலும் ஒரு நாள் அது வரும். அதைப் பார்க்கக் கூடாதென்றுதான் சுவர்ப் பக்கம் திரும்பினேன். என்னை அந்த வால்ற்றரின் கட்டிலில் போட்டுப் பார்க்காதே.

பெட்டியைத் திறக்கவில்லை. அலுமாரிக்கு மேல் வைக்கச் சொல்லிவிட்டேன்.

ஜெராட்


இங்கிலாந்து
1 செப்ரெம்பர் 2024

ஜெராட்,

பர்ஸானா திரும்பி வந்து ஒன்றுதான் சொன்னா: "நல்லா ஓடுறாரு, என்னத் தோக்கடிச்சிட்டாரு." நீங்கள் மெலிந்தீர்களா, தாடி விட்டிருக்கிறீர்களா, ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கேட்க எனக்கு எவ்வளவு ஆசை இருந்தது என்று உங்களுக்குத் தெரியாது.

நான் இங்கே செய்வது வேலை. நேரம் முடிந்தால் கையுறையைக் கழற்றிப் போட்டுவிட்டு வந்துவிடுவேன். உங்களோடு இருந்திருந்தால் அது வேலையாக இருந்திருக்காது. அந்த வித்தியாசத்தை உங்களுக்குச் சொல்ல அன்றைக்கு எனக்கு வாய் திறக்கவே இடம் தரவில்லை. என் முகத்தில் என்ன வரும் என்று நீங்களே தீர்மானித்து, அதற்கு நீங்களே தண்டனையும் கொடுத்துவிட்டீர்கள். என் முகத்தைத் திரும்பிப் பார்த்திருக்கலாம். அழுது வீங்கியிருந்தது, அவ்வளவுதான்.

இனி அறிவுரை எழுதமாட்டேன். ஒன்று மட்டும் சொல்கிறேன். அந்தப் படகோட்டத்தை என் போனிலும் போட்டிருக்கிறேன். அதன் படத்தைக் கொஞ்ச நேரம் அழுத்திப் பிடித்தால் ஒரு சின்னப் பட்டியல் எழும்பும். அதில் "நண்பரோடு ஓடு" என்ற வரியை மட்டும் தனியே இழுத்து முதல் திரையில் வைத்திருக்கிறேன். தொட்டால் நேரே அந்த அறைக்குள் கொண்டுபோய் விடும். ஞாயிறு பின்னேரங்களில், உங்களுக்குப் பொழுதுபடும் நேரம், நான் அங்கே இருப்பேன். என் பெயரிலேயே இருப்பேன்.

வருவதும் வராமல் விடுவதும் உங்கள் விருப்பம்.

ஜெனிற்றா


மட்டக்களப்பு
15 ஒக்ரோபர் 2024

ஜெனி,

எத்தனையோ ஞாயிறு நான் வரவில்லை. திறந்து பார்ப்பேன். உன் பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி எரியும். பார்த்துவிட்டு மூடிவிடுவேன்.

கடைசியில் ஒரு ஞாயிறு, போவோம் என்று முடிவெடுத்தேன். அன்றைக்குப் பார்த்து அம்மாவும் சுஜீவாவும் ஒரு செத்த வீட்டுக்குப் போயிருந்தார்கள். மழை வரப் பார்த்தது. விசையை அழுத்தப் போகையில் பட்டி கழன்று பேனா நிலத்தில் விழுந்து கட்டிலுக்குக் கீழே உருண்டுவிட்டது. வெறும் கையால் அடித்தேன். நாலு விசை ஒன்றாக அமுங்கி வேறென்னவோ திறந்தது. அதை மூடவும் முடியவில்லை. நீ அனுப்பிய பெட்டி அலுமாரிக்கு மேலே, என் கண்ணுக்கு நேரே. என் இருப்புக்கும் அதற்கும் ஒரு ஆள் உயரம். நீ அங்கே அறைக்குள் இருக்கிறாய் என்று தெரியும். வெளிச்சம் போய் யன்னலுக்கு வெளியே வாவி கறுத்து, அம்மா வந்து லைற்றைப் போடும்வரை அப்படியே இருந்தேன்.

"என்ன மனே, அழுதாயா?"

"அம்மா, அந்தப் பெட்டிய எடுத்துத் திறங்க."

அம்மா கதிரையில் ஏறி எடுத்தா.

மஞ்சள் நிறம் என்று நான் நினைக்கவில்லை. ஆஸ்பத்திரி வெள்ளை என்றுதான் நினைத்திருந்தேன்.

நேற்று முன்தினம் நடந்தது உனக்குத் தெரியும். பொத்தானைக் கையின் அடியால் இடித்தேன், திறந்தது. உள்ளே வந்தேன். உன் சிவப்புப் படகு நின்றது. இரண்டு பேரும் ஓடினோம். நீ முந்திக்கொண்டு போய், வளைவுக்கு வளைவு வேகத்தைக் குறைத்தாய். அது எனக்குத் தெரியாது என்று நினைக்காதே. இரண்டாம் சுற்றில் வேண்டுமென்றே உன்னை இடித்தேன். மூன்றாம் சுற்றில் இடி முழக்கத்தோடு கரண்ட் போய்விட்டது. இருட்டுக்குள் உள்ளங்கையைப் பொத்தானில் வைத்தபடி இருந்தேன். இந்த இரண்டு வருஷத்தில் எனக்குப் பசித்தது அப்போதுதான்.

என் பயம் போய்விட்டது என்று சொல்லமாட்டேன். போகவில்லை. என் கை நழுவி விழும்போது நீ பார்த்துக்கொண்டு நிற்பதை நினைத்தால் இன்னும் உடம்பு கூசுகிறது. ஆனால் ஞாயிற்றுக்கிழமைக்கு இன்னும் எவ்வளவு கிடக்கிறது என்று திங்கட்கிழமையே பார்க்கிறேன்.

ஜெராட்


இங்கிலாந்து
17 நவம்பர் 2024

ஜெராட்,

ஒரு விசயத்தை ஒளித்து வைத்திருந்தேன். இனி இயலாது.

முதல் நாளிலிருந்தே உங்கள் கணினியின் மைக் திறந்திருக்கிறது. உங்களுக்குத் தெரியாது. சொன்னால் மூடிவிடுவீர்கள் என்று பயந்து, என் பக்கத்தை மூடிவிட்டு மூச்சுக்கூடச் சத்தமாக விடாமல் கேட்டுக்கொண்டிருந்தேன். மழை தகரத்தில் விழுவது கேட்டது. உங்கள் அம்மா "மனே, பிளேன்ரீ ஊத்தவா" என்று கேட்டது. உங்களை முந்திக்கொண்டு நான் போன ஒவ்வொரு தரமும் நீங்கள் வாய்க்குள் சொன்னதும் கேட்டது.

"நில்லு புள்ள. வாறன். நில்லு."

அதற்காகத்தான் முந்தினேன். திரும்பத் திரும்ப முந்தினேன்.

டிசம்பர் நடுவில் எனக்கு லீவு கிடைத்திருக்கிறது. டிக்கெற் எடுத்துவிட்டேன். உங்களிடம் கேட்டுவிட்டு எடுக்கவில்லை. கேட்டால் சுவர்ப் பக்கம் திரும்புவீர்கள். கலியாணம் பற்றிப் பேச வரவில்லை. பராமரிக்கவும் வரவில்லை. லீவில் இருக்கிறவள் ஏன் வேலை செய்ய வேண்டும்? உங்களுக்குப் பக்கத்தில் ஒரு கதிரை போட்டு இருக்க வேண்டும். அவ்வளவுதான். உங்கள் வீட்டுக் கேற்றைத் திறப்பதும் திறக்காததும் உங்கள் கையில். திறக்காவிட்டால் ரோட்டில் நிற்பேன். ஊர் பார்க்கட்டும்.

ஜெனிற்றா

(மைக்கை மூடிவிடாதீர்கள்.)


மட்டக்களப்பு
9 டிசம்பர் 2024

ஜெனி,

மைக்கை மூடவில்லை. நீ கேட்கிறாய் என்று தெரிந்த பிறகு முதல் ஞாயிறு வாயே வரவில்லை. நேற்றுக் கொஞ்சம் பேசினேன், கேட்டிருப்பாய். நீயும் உன் பக்கத்தைத் திறந்து "ஓம்" என்றாய். அந்த ஒரு சொல்லுக்குப் பிறகு நான் படகை எங்கே விட்டேன் என்று எனக்கே தெரியாது.

நீ ரோட்டில் நிற்க வேண்டாம். சுஜீவா ஒரு வான் பேசியிருக்கிறாள். பின் இருக்கையைக் கழற்றிவிட்டால் வீல்செயார் அப்படியே ஏறுமாம். கட்டுநாயக்கா எயார்போட்டுக்கு நானும் வாறன்.

அம்மா முதலில் பயந்தா. "அவ்வளவு தூரம் இருப்பியா மனே? அங்க சனம் கூட்டமெல்லாம்." இருந்து பார்த்துவிட்டால் தெரியும்தானே என்று சொல்லி, போன செவ்வாய்க்கிழமை கல்லடிப் பாலம்வரை ஓட்டம் பார்த்தோம். கேற்றைத் தாண்டினபோது கண்ணை மூடிக்கொண்டேன். ரோட்டில் ஆட்கள் பார்த்தார்கள். ஒரு சைக்கிள்காரர் விழப்போனார், என்னைப் பார்த்ததால் அல்ல, எங்கள் வான்காரர் ஹோர்ன் அடித்ததால். பாலத்தில் காற்று நல்ல உப்பு. சுஜீவா என் சேட்டின் கழுத்துப் பட்டனைப் பூட்டிவிட்டாள். நான் இறங்கவில்லை. அடுத்த முறை இறங்குவேன்.

தாடி விட்டிருக்கிறேனா என்று கேட்க ஆசைப்பட்டாயே. விட்டிருந்தேன். நேற்று எடுத்தாயிற்று. மெலிந்துதான் இருக்கிறேன். முழங்காலில் இரண்டு கையும் கிடக்கும். அதைப் பார்த்தால் பார். என் முகத்தை நீ பார்க்க, உன் முகத்தை நானும் பார்ப்பேன். அதில் என்ன வந்தாலும் திரும்பமாட்டேன்.

வெளியே வரும் கதவடியில் நிறையச் சனம் நிற்கும். எல்லாருடைய தலைக்கு மேலாலும் எட்டி எட்டி என்னைத் தேடாதே. கொஞ்சம் கீழே பார். நான் இருந்துகொண்டு இருப்பேன்.

ஜெராட்